சபைக்காரர் வீட்டில் இல்லை

என் கணவர் தேர்தலில் நின்று வென்ற கதையை எங்கள் சனம் இன்றைக்கும் கல்யாண வீடுகளில் சிரித்துச் சிரித்துச் சொல்லும். நானும் கூட இருந்து சிரிப்பேன். சிரிக்காவிட்டால் ஏன் என்று கேட்பார்கள், பிறகு விளக்கம் சொல்ல வேண்டும். உண்மையைச் சொன்னால், அந்த நாலு வருஷமும் எனக்கு வயிற்றில் நெருப்புத்தான்.

தொடக்கம் ஒரு கோப்பைத் தேத்தண்ணி. நாங்கள் ஒஸ்லோவில் ரொம்மன் பகுதியில், தொடர்மாடிக் குடியிருப்பு ஒன்றில் இருந்தோம். அவர் பஸ் ஓட்டினார். நான் முதியோர் இல்லம் ஒன்றில் பராமரிப்பு வேலை செய்தேன். எங்கள் மாடியிலேயே ஓய்வுபெற்ற ட்ராம் சாரதி ஒருவர், நோர்வேஜியர், தனியாக வாழ்ந்தார். அவர் ஒரு கட்சியின் உள்ளூர்க் கிளையில் பழைய ஆள். பனி கரைந்து நடைபாதையெல்லாம் வழுக்காமலிருக்கக் கொட்டிய சரளைக்கல் மட்டும் கிடந்த ஒரு பின்னேரம் அவர் எங்கள் வீட்டுக்கு வந்திருக்கிறார். நான் வேலையில் நின்ற நேரம். என் கணவர் தேத்தண்ணி போட்டுக் கொடுத்து, நான் சுட்டு வைத்திருந்த பயத்தம் பணியாரத்தையும் தட்டில் வைத்திருக்கிறார். கிழவர் பணியாரத்தைக் கடித்தபடி, பகுதிச் சபைத் தேர்தலுக்குத் தங்கள் பட்டியலில் ஆள் குறைகிறது, கடைசி இடத்தில் உங்கள் பெயரைப் போடட்டுமா, கடைசியில் நிற்பவர் ஒருநாளும் வெல்வதில்லை, பயப்படத் தேவையில்லை என்று கேட்டிருக்கிறார்.

வீடு தேடி வந்து, கையால் வாங்கிச் சாப்பிட்ட மனிசனுக்கு எப்படி மாட்டேன் என்று சொல்வது? இது எங்கள் ஆட்களின் வியாதி. முகத்தை முறிக்கத் தெரியாது. நோர்வேஜியர்கள் இல்லை என்று சொல்லிவிட்டு அடுத்த நிமிடம் வானிலையைப் பற்றிப் பேசுவார்கள். நாங்கள் ஓம் என்று சொல்லிவிட்டு ஆயுள் முழுக்க அனுபவிப்போம்.

இரவுச் சாப்பாட்டின்போது சாதாரணமாகத்தான் சொன்னார்.

"சும்மா பேருக்குத்தான். ஆகக் கடைசி ஆள். ஒண்டும் வராது."

"வந்தா?"

"வராதப்பா."

தட்டை எடுத்துக்கொண்டு எழும்பிவிட்டேன். அவர், வழமையான கோபம் என்று நினைத்துக்கொண்டு மிச்சக் கறியைத் தானே போட்டுச் சாப்பிட்டார்.

என் அப்பா ஊரில் சபை உறுப்பினராக இருந்தவர். பெரிய அரசியல் ஒன்றும் இல்லை. சந்தைக்குப் பின்னால் ஓடும் வாய்க்காலுக்குச் சீமெந்து போடுவது, ஒழுங்கைக்கு லைட் கொண்டுவருவது, இதுதான் அவருடைய அரசியல். பதவியை விட்டு விலகச் சொல்லிச் செய்தி அனுப்பினார்கள். வாய்க்கால் வேலை முடியட்டும் என்றார். ஒரு மத்தியானம் சைக்கிளில் இரண்டு பெடியள் வந்து வாசல் படலையில் நின்று, "ஐயா நிக்கிறாரோ?" என்று கேட்டார்கள். நல்ல பணிவான குரல். "சாப்பிடுறார் தம்பி, இருங்கோ" என்று அம்மா சொன்னா. பிள்ளைகளைக் காக்க வைக்கக்கூடாது என்று அப்பா பாதியில் எழும்பிக் கையைக் கழுவிவிட்டுப் போனார். நான் முன் அறையில் பள்ளிக்கூடப் புத்தகத்தோடு இருந்தேன்.

வெடிச் சத்தம் எனக்கு இன்று ஞாபகத்தில் இல்லை. அந்தக் குரலின் மரியாதை மட்டும் அப்படியே நிற்கிறது. வெருட்டிக்கொண்டு வந்திருந்தால், கத்திக்கொண்டு வந்திருந்தால், அப்பா பின்வேலியால் போயிருப்பார். யார் செய்தது என்று ஊருக்குத் தெரியும், ஊர் சொல்லாது. எந்தப் பக்கம் என்று எழுதுவதற்கு நானும் இதைத் தொடங்கவில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: சபைக்குப் போன மனிசனைத் தேடிப் பணிவாக ஒரு குரல் வரும்.

என் கணவருக்கு, அப்பாவைச் சுட்டுவிட்டார்கள் என்பது தெரியும். எப்படி என்பது தெரியாது. நான் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. எங்கள் வயதுக்காரர் இடையில் அதுதான் வழக்கம். "சுட்டுப்போட்டினம்" என்றால் அதோடு முற்றுப்புள்ளி.

கட்சிக்காரர் பட்டியலை அச்சடித்து வீடு வீடாகப் போட்டார்கள். ஒரு மூலையில் தபால்தலை அளவில் அவருடைய படமும் இருந்தது. அன்றைக்கே நான் கீழே போய் எங்கள் தபால்பெட்டியில் ஒட்டியிருந்த பெயரைச் சுரண்டி எடுத்தேன். பெயர் இல்லாத பெட்டிக்குள் இந்த நாட்டுத் தபால்காரர் கடிதம் போடமாட்டார் என்பது எனக்குத் தெரியாது. மின்சார பில், மகளின் பல் வைத்தியத் தவணை எல்லாம் திரும்பிப் போயின. மகளுக்கு அப்போது பதின்மூன்று, பதினான்கு வயது இருக்கும். கடையில் போய் புதிய பெயர்ச் சீட்டு ஒன்று செய்துகொண்டு வந்து ஒட்டினாள்.

"அம்மா, இஞ்சை எல்லாற்றை அட்ரஸும் இன்ரர்நெற்றிலை கிடக்கு. பெட்டியைச் சுரண்டி என்ன செய்யப் போறீங்கள்?"

அந்தச் செய்தி எனக்குப் பெரிய ஆறுதல்.

அவர் தேர்தலில் நிற்கும் கதை கோயிலில் ஒருவருடைய காதில் விழுந்தது. அது போதும். எங்கள் ஆள் ஒருவர் நிற்கிறாராம் என்று தொலைபேசி தொலைபேசியாகப் போனது. உள்ளூர்த் தேர்தலில் குடியுரிமை இல்லாவிட்டாலும், சில வருஷம் இங்கே இருந்திருந்தால் வாக்குப் போடலாம். பட்டியலில் விரும்பிய பெயருக்குப் பக்கத்தில் பெருக்கல் குறி மாதிரிப் புள்ளடி போட்டால் அந்த ஆள் மேலே வருவார். நோர்வேஜியர்கள் அனேகமாக அப்படிப் போடுவதில்லை, பட்டியலை அப்படியே மடித்துப் பெட்டிக்குள் போடுவார்கள். எங்கள் சனத்துக்குப் புள்ளடி போடக் கற்றுக்கொடுக்க வேண்டுமா? "கடைசிப் பேர், பக்கத்திலை புள்ளடி" என்பது ஒரு மந்திரம் போலப் பரவியது. எந்தக் கட்சி என்று ஒருவர் கேட்டாராம். அது உமக்குத் தேவையில்லாத விஷயம் என்று மற்றவர் சொன்னாராம்.

முடிவு வந்த அன்று கிழவர் எங்கள் கதவில் வந்து நின்ற முகம் எனக்கு மறக்காது. கடைசியில் நின்றவர் மேலே ஏறி வென்றுவிட்டார். அவர் ஏறியதில், அந்தச் சபையில் எத்தனையோ வருஷம் இருந்த ஒரு பெண்மணி வெளியே விழுந்துவிட்டா. கிழவருக்கு வாழ்த்துச் சொல்வதா துக்கம் விசாரிப்பதா என்று தெரியவில்லை. என் கணவரோ, பஸ்ஸில் யாரோ விட்டுப்போன பையைக் கையில் வைத்திருப்பவர் மாதிரி நின்றார்.

"அந்த அம்மாவுக்கே திருப்பிக் குடுங்கோ" என்றேன் நான்.

அப்படிக் கொடுக்க முடியாதாம். கிழவர் பொறுமையாக விளக்கினார். இந்த நாட்டில் தெரிவு செய்யப்பட்டால் அது கடமை, வேண்டாம் என்று எறிந்துவிட்டுப் போக இயலாது. தாங்க முடியாத கஷ்டம் என்று காட்டி விண்ணப்பித்தால் சபை பார்த்து விடுவிக்கலாம். அல்லது அந்தப் பகுதியை விட்டு வேறு இடத்துக்குக் குடிபோனால் இடம் தானாகப் போய்விடும்.

குடிபோவது. அந்தச் சொல்லை நான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

கீழ் மாடியில் சென்னைப் பக்கத்துத் தம்பி ஒருவர் இருந்தார், கணினி வேலை. லிஃப்ட்டில் என்னைக் கண்டதும் வாயெல்லாம் பல்.

"கங்ராட்ஸ் மேடம். சார் கவுன்சிலர் ஆயிட்டாராமே. கார், பாதுகாப்பு எல்லாம் குடுப்பாங்களா?"

"ஒண்டும் இல்லைத் தம்பி. கூட்டத்திலை கோப்பி குடுப்பினம்."

அவர் சிரித்தார். இங்கே சபைக்காரருக்குப் பாதுகாப்பும் இல்லை, முன் படலையும் இல்லை. நேரே வீட்டுக் கதவு, அதில் ஒரு மணி.

அந்த மணி அடிக்கத் தொடங்கியது. கோயிலில் கேள்விப்பட்டுப் புள்ளடி போட்டவர்கள் எல்லாரும் புள்ளடிக்குரிய பலனைக் கேட்டு வந்தார்கள். பிள்ளைக்குப் பாலர் பள்ளியில் இடம், அம்மாவுக்குக் கீழ் மாடியில் வீடு, பக்கத்து வீட்டுக்காரன் இரவில் சுவரில் துளை போடுகிறான். பிறகு மற்றவர்களும் வந்தார்கள். நிலக்கீழ் ரயிலுக்குப் போகும் சுரங்கப் பாதையில் லைட் எரியவில்லை என்று ஒரு நோர்வேஜியக் கிழவி. பஸ் தரிப்பில் இருக்கக் கதிரை இல்லை என்று ஒரு பாகிஸ்தான் ஐயா. எல்லாரும் நல்லவர்கள், எல்லாரும் பணிவாகத்தான் கேட்டார்கள்: அவர் வீட்டில் இருக்கிறாரா? அந்தக் கேள்வியை எந்த மொழியில் கேட்டாலும் எனக்கு அது ஊர்ப் படலையில் கேட்ட கேள்விதான்.

வீட்டில் ஒரு சட்டம் போட்டேன். யார் கேட்டாலும் அவர் வீட்டில் இல்லை. மகளுக்கும் அதைப் பழக்கினேன். அவள் நோர்வேஜிய மொழியில் அழகாகப் பொய் சொல்வாள். அவள் சொல்லி முடிப்பதற்குள் குசினியிலிருந்து இடுப்பில் கட்டிய சாரத்தோடு, "ஆரப்பா அது?" என்று கேட்டுக்கொண்டு சபைக்காரர் ஓடி வருவார். கதவில் நிற்பவர் மகளைப் பார்ப்பார், பிறகு அவரைப் பார்ப்பார். பதவி வந்ததும் மனிசிக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது என்று என்னைப் பற்றிக் கதை பரவியது. பரவட்டும் என்று விட்டேன்.

எனக்கு ஆத்திரம் அவருடைய ஓட்டத்தில்தான். மணி அடித்தால் போதும், எங்கே நின்றாலும் எங்களை விலத்திக்கொண்டு கதவுக்கு ஓடுவார்.

"ஏன் இப்பிடிப் பறக்கிறியள்? ஆரெண்டு கதவுக் கண்ணாடியாலை பாத்திட்டுத் திறக்கலாமல்லோ."

"பாத்தா மட்டும் தெரியுமோ?"

"அப்ப திறக்காதையுங்கோ."

"மணி அடிச்சாத் திறக்கத்தானே வேணும்" என்பார். மூளையில்லாத மனிசன் என்று நான் பாத்திரங்களை அடித்துக் கழுவுவேன்.

பக்கத்து நகரமான திராமனில் என் மச்சாள் இருந்தா. ஆற்றுப் பக்கம் வீடு. அங்கே எங்கள் சனமும் நிறைய, ஒஸ்லோவுக்கு ரயிலிலும் வந்து போகலாம். நான் ஓய்வு கிடைக்கும் சனிக்கிழமைகளில் ரயிலேறிப் போய் வீடு பார்க்கத் தொடங்கினேன். அவர் தடுக்கவில்லை. கூடவும் வரவில்லை. மேசையில் சபைக் கடதாசிகளைப் பரப்பிவைத்து, அகராதியைப் பக்கத்தில் வைத்து, பனி அள்ளும் ஒப்பந்தத்தையும் நீச்சல் தடாகம் திறக்கும் நேரத்தையும் வரி வரியாக வாசித்துக்கொண்டிருப்பார். பள்ளிக்கூடத்தில் கூட இவ்வளவு படித்திருக்க மாட்டார்.

அவர் சபைக்குப் போன காலத்தில் ஊரில் போர்நிறுத்தம் இருந்தது. பிறகு அது உடைந்தது. தொலைபேசியில் வரும் செய்திகள் பழையபடி மாறின. இன்னாரை வீட்டில் வந்து கூப்பிட்டார்களாம், போனவர் வரவில்லையாம். மச்சாள் ஒவ்வொரு செய்தியாகச் சொல்லச் சொல்ல, நான் கதவுச் சங்கிலி மாட்டியிருக்கிறதா என்று எட்டிப் பார்ப்பேன். ஒஸ்லோவில் யார் வந்து சுடப்போகிறார்கள் என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டேன். பயம் அட்ரஸ் பார்த்து வருவதில்லை.

அந்தக் குளிர்காலத்தில்தான் பகல் நிலையப் பிரச்சினை வந்தது. எங்கள் பகுதியில் வயோதிபரைப் பகலில் வைத்துப் பார்க்கும் நிலையம் ஒன்று இருந்தது. காசில்லை என்று அதை மூடுவதற்கு முன்மொழிந்தார்கள். சபையில் இரண்டு பக்கமும் சரிபாதியாக நின்றதால் என் கணவரின் கை எந்தப் பக்கம் உயருமோ அந்தப் பக்கம் வெல்லும் என்று உள்ளூர்ப் பத்திரிகையில் வந்துவிட்டது. இந்த முறை படம் தபால்தலை அளவில் இல்லை. பத்திரிகை வந்த நாளில் இருந்து தொலைபேசி ஓயவில்லை. ஒருவர் பேசாமல் மூச்சு மட்டும் விட்டார். ஒருவர், எங்களுடைய கிழவர்களைத் தொடாதே என்றார்.

திராமனில் அதே கிழமை எனக்குப் பிடித்த வீடு ஒன்று சரிவந்தது. வெள்ளிக்கிழமை கையெழுத்து. கூட்டம் அதற்கு முதல் நாள், வியாழன் பின்னேரம்.

"இந்தக் கூட்டத்துக்குப் போகாதையுங்கோ. நாளைக்கு எல்லாம் முடிஞ்சிடும்" என்றேன்.

"இண்டைக்குப் போகாமல் விட்டா அந்தச் சனம் என்ன செய்யும்?"

"அப்ப நானும் வாறன்."

அவர் என்னை ஆச்சரியமாகப் பார்த்தார். அன்றுவரை நான் ஒரு கூட்டத்துக்கும் போனதில்லை. அவர் எப்படிப் பேசுகிறார் என்று கேட்கப் போகிறேன் என நினைத்திருப்பார். நான் காவலுக்குப் போனேன்.

கூட்டம் நடக்கும் இடத்தில் முதலில் வாசலைத்தான் பார்த்தேன். வாசல் கதவு சும்மா திறந்து கிடக்கிறது. ஒரு காவல்காரன் இல்லை. பையைத் திறந்து பார்க்க ஆளில்லை. ஒரு மேசையில் கோப்பிப் போத்தலும் பணிஸும் வைத்து, மெழுகுதிரி வேறு கொளுத்தி வைத்திருக்கிறார்கள். சபைக்காரர்கள் மேசையைச் சுற்றி இருக்கிறார்கள், பின்னால் பொதுமக்களுக்குக் கதிரைகள். நான் ஆகக் கடைசியில், கதவடியில் இருந்த கதிரையில் இருந்துகொண்டேன். உள்ளே வருகிறவர்களின் முகத்தை நான் பார்க்கவில்லை, கைகளைப் பார்த்தேன். கையுறை கழற்றிய கை, ஊன்றுகோல் பிடித்த கை, பத்திரிகை பிடித்த கை.

கடைசியாக ஒருவர் வந்தார். தடித்த ஜக்கற், சப்பாத்தில் பனி. இரண்டு கையும் ஜக்கற் பைக்குள். எத்தனையோ கதிரை வெறுமையாகக் கிடந்தும் அவர் இருக்கவில்லை. சுவரோடு நின்று என் கணவரையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் என் கதிரையை அவர் பக்கமாக நகர்த்தினேன். அந்தப் பைக்குள் என்ன இருக்கிறது என்பதைத் தவிர அப்போது உலகத்தில் எனக்கு வேறு ஒன்றும் இல்லை.

சபைத் தலைவி, என்னைவிட இளமையான ஒரு பெண், கூட்டத்தைத் தொடங்கினா. முதல் அரை மணி நேரம் பொதுமக்களுக்குரியது, யாரும் எழுந்து மூன்று நிமிடம் பேசலாம் என்றா. அந்த மனிதர் ஒரு சொல்லும் சொல்லாமல் நேரே முன்னால் நடந்தார். ஒலிவாங்கிக்குப் போகவில்லை. என் கணவர் இருந்த இடத்துக்கு எதிரே போய் நின்று, பையிலிருந்து கையை எடுத்தார்.

வெறும் கை. விரலை நீட்டித் திட்டத் தொடங்கினார். தன் தாய்க்கு நினைவு போய்விட்டது, அந்த நிலையம் இருப்பதால்தான் தான் வேலைக்குப் போகிறேன், அவள் இந்த நாட்டை இரண்டு கையாலும் கட்டியவள், எங்கிருந்தோ வந்த நீ யார் அதைப் பறிப்பதற்கு என்றார். அவர் குரல் அந்த அறைக்குப் பெரிதாக இருந்தது.

நான் எப்போது எழும்பினேன் என்று எனக்குத் தெரியாது. பார்க்கும்போது, அவருக்கும் என் கணவருக்கும் நடுவில் நிற்கிறேன். கைப்பையை நெஞ்சோடு அணைத்துப் பிடித்திருக்கிறேன். அந்த மனிதர் பேச்சை நிறுத்தி என்னைப் பார்த்தார். எல்லாரும் பார்த்தார்கள்.

சபைத் தலைவி மணிக்கூட்டைப் பார்த்துவிட்டு அமைதியாக என்னிடம், இவருக்கு இன்னும் நேரம் மிச்சம் இருக்கிறது, இவர் முடித்ததும் அடுத்தது நீங்கள் என்றா.

நான் பேச வந்தேன் என்று நினைத்துவிட்டா.

எனவே நான் அந்த இடத்திலேயே நின்றேன். அவர் என் தலைக்கு மேலால் என் கணவரைத் திட்டி முடித்தார். அவருடைய மூச்சு என் நெற்றியில் பட்டது. நேரம் முடிந்தது என்று சொன்னதும் அவர் போய், இவ்வளவு நேரம் இருக்காத கதிரையில் இருந்து, முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். பக்கத்தில் இருந்த ஒரு பெண் அவருக்குக் கோப்பி ஊற்றிக் கொடுத்தா. ஒருவரும் அவரை வெளியே தள்ளவில்லை.

இப்போது என் முறை. தலைவி ஒலிவாங்கியைக் காட்டினா. வீட்டுக்கு வந்த மனிசனுக்கு இல்லை என்று சொல்ல முடியாத அதே வியாதிதான் எனக்கும். அவ்வளவு பேர் காத்திருக்கும்போது நான் பேச வரவில்லை என்று எப்படிச் சொல்வது? போய் நின்றேன்.

என்னுடைய நோர்வேஜிய மொழி முதியோர் இல்லத்து மொழி. எங்கே நோகிறது, குளிசை குடித்தாயா, பயப்படாதே, நான் இருக்கிறேன். அவ்வளவுதான் எனக்குத் தெரியும். அதை வைத்துக்கொண்டு சொன்னேன். நான் இவருடைய மனைவி. தயவுசெய்து இவரை விட்டுவிடுங்கள். என் அப்பாவும் இப்படி ஒரு சபையில் இருந்தார். இரண்டு பெடியள் வந்து அவர் வீட்டில் இருக்கிறாரா என்று கேட்டார்கள். அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கை கழுவிவிட்டுப் போனார். சுட்டுவிட்டார்கள். ஏன் என்று அவர்கள் சொல்லவில்லை. இங்கேயும் தினமும் வந்து கேட்கிறார்கள். எனக்குப் பயமாக இருக்கிறது.

அதற்கு மேல் எனக்கு மொழி இருக்கவில்லை. உங்களுக்கு இன்னும் நேரம் இருக்கிறது என்று தலைவி மெதுவாகச் சொன்னா. அந்த மிச்ச நேரத்தை ஒருவரும் எடுத்துக்கொள்ளவில்லை. நான் என் கணவரைப் பார்த்தேன். அவரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்பா கை கழுவிவிட்டுப் போனதை அவர் அன்றுதான் கேட்கிறார், அதுவும் வேற்று மொழியில், அந்நியச் சனத்தின் முன்னால்.

விடுவிக்கச் சொல்லி விண்ணப்பிக்க விரும்புகிறாரா என்று தலைவி அவரைக் கேட்டா. யோசித்துச் சொல்வதாகச் சொன்னார். பகல் நிலையத்தைப் பற்றி அன்று முடிவு எடுக்கவில்லை, ஒத்திவைத்தார்கள். ஒத்திவைப்பதில் அந்தச் சபை பெரிய கெட்டிக்காரச் சபை.

வெளியே வந்தோம். அந்த மனிதர் வாசலில் சிகரெட்டோடு நின்றார். நான் மறுபடி அவருடைய கைகளைப் பார்த்தேன். அவர் என் கணவரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்து, உன் அப்பாவைப் பற்றிக் கேட்டு வருந்துகிறேன் என்று சொல்லிக் கையை நீட்டினார். நல்ல மனிதராக இருக்கலாம். ஆனால் நான் கை கொடுக்கவில்லை. என் கை வரவில்லை. என் கணவர்தான் அந்தக் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டு வந்தார்.

வீட்டுக்கு நடந்தோம். பாதி வழியில் அவர் கேட்டார்.

"ஏனப்பா எனக்கு இதைச் சொல்லேல்லை?"

"நீங்கள் கேக்கேல்லையே."

"எனக்கும் பயம்தான்."

"பொய். நீங்கள்தானே மணி அடிக்க முதல் ஓடுறியள்."

"நீர் திறக்கக்கூடாது எண்டுதான் ஓடுறனான். நீரோ பிள்ளையோ கதவிலை நிக்கக்கூடாது. ஆரும் வாறதெண்டா நான்தான் முன்னுக்கு நிக்கோணும்."

நான் நடக்காமல் நின்றுவிட்டேன். எத்தனை பாத்திரம் அடித்துக் கழுவியிருப்பேன். மூளையில்லாத மனிசன் என்று மனதுக்குள் எத்தனை தரம் திட்டியிருப்பேன்.

"நாளைக்குக் கையெழுத்து வைக்கச் சொன்னா வைக்கிறன்" என்றார். "நீர்தான் சொல்லோணும். ஊரை விட்டது பயத்திலை. இதையும் பயத்திலை விட்டிட்டுப் போவம். ஆனா திராமனிலை மணி அடிக்க மாட்டினமோ?"

வீட்டுக்குப் போய்ச் சாப்பாடு சூடாக்கினேன். காலையில் மச்சாளுக்குத் தொலைபேசி எடுத்து வீடு வேண்டாம் என்று சொன்னேன். என்னடி பைத்தியமே, இவ்வளவு அலைந்துவிட்டு என்று அவ ஏசினா. அவருக்கு அடுத்த கிழமை கூட்டம் இருக்கிறது என்றேன். வேறு என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. பயம் போய்விட்டது என்று நினைத்துவிடாதீர்கள். ஒரு துளியும் போகவில்லை. திராமனுக்கு நாங்கள் போனால் அதுவும் மூட்டை கட்டிக்கொண்டு கூடவே வரும் என்பது மட்டும் விளங்கியிருந்தது.

அதன்பிறகு நடந்த ஒரு கூட்டத்தையும் நான் விடவில்லை. வேலையில் நேரம் மாற்றி வாங்கிக்கொண்டு போவேன். அவர் காய்ச்சலில் படுத்து ஒரு கூட்டம் விட்டார், அதற்கும் பழக்கத்தில் வெளிக்கிட்டுவிட்டுத் திரும்பி வந்தேன். கதவடிக் கதிரை என்னுடையது என்று ஆகிவிட்டது. இந்த அம்மாவுக்கு உள்ளூர் அரசியலில் எவ்வளவு அக்கறை என்று தலைவியே ஒருநாள் எல்லாருக்கும் கேட்கச் சொன்னா. பனி அள்ளும் ஒப்பந்தம், நீச்சல் தடாகம், பகல் நிலையம், எல்லாம் என் காதில் விழுந்தன. பகல் நிலையத்தை மூடவில்லை, நாட்களைக் குறைத்தார்கள். சுரங்கப் பாதைக்கு லைட் வந்தது. வந்தவர்களின் கைகளை நான் தொடர்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒன்றும் நடக்கவில்லை. ஒருவரும் எதுவும் செய்யவில்லை. ஆனால் ஒன்றும் நடக்காது என்று முன்கூட்டியே எனக்கு யார் சொன்னார்கள்?

அடுத்த தேர்தலில் அவர் பெயர் கொடுக்கவில்லை. கட்சியில் எவ்வளவோ கேட்டார்கள், இந்த முறை அவருக்கு இல்லை என்று சொல்ல வந்துவிட்டது. கடைசிக் கூட்டத்தில், விடைபெறும் உறுப்பினர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு நன்றி சொன்னார்கள். அவருக்கு ஒரு பூங்கொத்து கொடுத்தார்கள். சபைக்காரருக்குப் பூ வைப்பதை நான் ஊரில் ஒரே ஒரு முறைதான் பார்த்திருக்கிறேன்.

கூட்டம் முடிந்தது. அவர் ஒரு கையில் பூவும் மறு கையில் ஜக்கற்றுமாக, யாருக்கோ தலையாட்டிவிட்டு, கதிரைகளுக்கு நடுவால் என்னை நோக்கி வந்தார்.

"வாரும், பஸ் போயிடும்" என்றார்.

என்னால் எழும்ப முடியவில்லை. சபைக்குப் போன ஒரு மனிசன், அவருடைய காலம் முடிந்து, தன் பாட்டில் நடந்து வெளியே வருவதை நான் என் வாழ்க்கையில் அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன். அந்தக் கதவடியில் இருந்து, எல்லாரும் பார்க்கப் பார்க்க, வாய்விட்டு அழுதேன்.